மண்டிக் கணக்கு இருக்கும் கணினியில் கிராக் செய்த கேம்: எவ்வளவு ஆபத்து?

மாந்தோப்பு (காவேரிப்பட்டணம்) எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். காவேரிப்பட்டணத்தில் எங்கள் குடும்பம் மாங்காய் மண்டி நடத்துகிறது. கொள்முதல், எடைச்சீட்டு, விவசாயிகளுக்குத் தரவேண்டிய பாக்கி, வருமான வரிக்கான கணக்கு என எல்லாமே வீட்டில் இருக்கும் ஒரே கணினியில், டேலி என்ற கணக்கு மென்பொருளில் இருக்கின்றன. வங்கிப் பணப்பரிமாற்றமும் அதிலேயே செய்கிறேன். கூழ் தொழிற்சாலைகளுக்குப் போகும் லோடு விவரங்களை அனுப்புவதற்காக, காலையில் திறக்கும் வாட்ஸ்அப் வெப்பை இரவு வரை மூடுவதில்லை.

என் மகன் பன்னிரண்டாம் வகுப்பு முடித்துவிட்டுப் பொறியியல் கலந்தாய்வுக்காகக் காத்திருக்கிறான். நண்பர்களோடு இணையத்தில் சேர்ந்து ஓட்டும் கார் பந்தய விளையாட்டு ஒன்றைப் போன வாரம் டோரண்ட் (பலருடைய கணினிகளிலிருந்து துண்டு துண்டாகக் கோப்புகளைப் பெறும் முறை) வழியாக இறக்கி, இந்தக் கணினியில் நிறுவியிருக்கிறான். முறையாக வாங்கினால் மூவாயிரம் ரூபாய்க்கு மேல் ஆகும் என்றும், இது கிராக் செய்த பிரதி என்பதால் காசு வேண்டியதில்லை என்றும் சொன்னான். அதோடு, நிறுவும்போது ஆன்டிவைரஸை நிறுத்தி வைக்கும்படி குறிப்பில் எழுதியிருந்ததாகவும், அப்படியே செய்ததாகவும் பேச்சுவாக்கில் சொன்னான். எனக்கு உறுத்துவது அதுதான்.

இதில் உண்மையிலேயே ஆபத்து உண்டா, அல்லது கேம் கம்பெனிகள் வியாபாரத்துக்காகக் கிளப்பிவிடும் பயமா என்று தெரிந்துகொள்ள விரும்புகிறேன். கேமை அழித்துவிட்டால் மட்டும் போதுமா? சட்டப்படி ஏதாவது சிக்கல் வருமா? சீசன் நேரம் என்பதால் கணினியை நாள் கணக்கில் கடையில் விட்டுவைக்க முடியாது என்பதையும் கருத்தில் கொண்டு பதில் சொன்னால் நன்றாக இருக்கும்.

ஓசூர் சர்வீஸ் எழுதியது:

ஐயா, ஓசூரில் கணினி பழுது பார்க்கும் கடை வைத்திருக்கிறேன். விளக்கத்தைப் பிறகு படித்துக்கொள்ளுங்கள். முதலில் அந்தக் கணினியிலிருந்து இணைய வயரைப் பிடுங்கிவிடுங்கள். வைஃபை என்றால் அணைத்துவிடுங்கள். வங்கி வேலையை அதில் இனிச் செய்யாதீர்கள். உங்கள் போனில் வாட்ஸ்அப்பைத் திறந்து, இணைக்கப்பட்ட சாதனங்கள் என்ற பகுதியில் இருக்கும் எல்லாவற்றையும் வெளியேற்றுங்கள். டேலி பேக்கப் வெளி ஹார்டு டிஸ்க் எதிலாவது இருந்தால், அதை எக்காரணம் கொண்டும் இப்போது அந்தக் கணினியில் செருகாதீர்கள்.

ஆன்டிவைரஸை நிறுத்தச் சொல்வது ஏன் என்று பார்ப்போம். விளையாட்டின் நிரல், தான் பணம் கொடுத்து வாங்கிய பிரதிதானா என்று ஒவ்வொரு முறையும் சரிபார்க்கும். அந்தச் சரிபார்ப்பை வெட்டியெடுத்துவிட்டு, அது நடந்து முடிந்ததைப் போல நடிக்கும்படி நிரலைத் திருத்துவதற்குப் பெயர்தான் கிராக். ஒரு நிரல் இன்னொரு நிரலின் உள்ளே கைவைப்பது வைரஸ் செய்யும் வேலையும் என்பதால், உள்ளே வேறெந்தக் கெடுதலும் இல்லாத கிராக்கைக்கூட ஆன்டிவைரஸ் தடுத்துவிடும். ஆகவே, "இது பொய் எச்சரிக்கை, கண்டுகொள்ளாதீர்கள்" என்று கிராக் போடுபவர்கள் எழுதுவது சில நேரங்களில் உண்மைதான். அது உண்மையாக இருப்பதால்தான் பிள்ளைகள் பழகிப்போகிறார்கள். திருடன் ஒளிந்துகொள்வதும் அந்தப் பழக்கத்துக்குள்தான். எச்சரிக்கை உண்மையா பொய்யா என்று பார்க்கும் வழியையே மூடிவிட்டு, செட்டப் கேட்கும் நிர்வாகி அனுமதிக்கும் "ஆம்" என்று அழுத்தியபின், அந்த நிரல் கணினியில் எதை வேண்டுமானாலும் செய்யலாம்.

கல்யாண போட்டோ, வீடியோ எடுக்கும் ஸ்டூடியோ ஒன்றிலிருந்து ஒரு கணினி எங்கள் கடைக்கு வந்தது. திறந்து பார்த்தால், ஒவ்வொரு படத்தின் பெயருக்குப் பின்னாலும் அர்த்தமில்லாத நான்கு எழுத்துகள் ஒட்டிக்கொண்டிருந்தன. எந்தப் படமும் திறக்கவில்லை. ஒவ்வொரு ஃபோல்டரிலும் ரீட்மீ என்ற பெயரில் ஒரே மாதிரியான ஒரு குறிப்பு. கோப்புகளைத் திரும்பப் பெற 980 டாலர் கட்ட வேண்டும், 72 மணி நேரத்துக்குள் தொடர்புகொண்டால் பாதி விலையாக 490 டாலர் போதும் என்று அதில் எழுதியிருந்தது. ஸ்டூடியோவில் வேலை பார்க்கும் பையன் முந்தைய நாள் இரவு ஒரு கேமின் கிராக்கை ஓட்டியிருந்தான். ஸ்டாப் அல்லது டிஜேவியு என்று அழைக்கப்படும் ரேன்சம்வேர் வகை அது. பெரிய கம்பெனிகளைக் குறிவைக்கும் ரேன்சம்வேர்கள் செய்திகளில் வருகின்றன. இது கிராக், கீஜென் (போலி லைசென்ஸ் எண் உருவாக்கும் நிரல்) தேடி வரும் வீட்டுக் கணினிகளையும் சிறு கடைகளையும் பிடிப்பது என்பதால் பேப்பரில் வராது.

இதற்கு எம்சிசாஃப்ட் நிறுவனம் 2019 அக்டோபரில் இலவசத் திறப்பு மென்பொருள் ஒன்றை வெளியிட்டது. 2019 ஆகஸ்டுக்கு முந்தைய ரகங்களில் அது நன்றாக வேலை செய்தது. அதற்குப் பிந்தைய ரகங்களில், தாக்குதலின்போது கணினி இணையத்தில் இருந்திருந்தால், அந்தக் கணினிக்கென்றே தனிச் சாவி உருவாக்கப்பட்டிருக்கும். அது குற்றவாளியின் கையில் மட்டுமே இருக்கும். இணையத் தொடர்பு கிடைக்காத நிலையில் பூட்டப்பட்டவற்றுக்கு மட்டும் கொஞ்சம் நம்பிக்கை உண்டு. ஸ்டூடியோவின் கணினி இணையத்தில் இருந்தது. இந்த ரகம் அவசரத்தில் ஒவ்வொரு கோப்பின் தொடக்கத்திலும் 150 கேபி அளவுக்கு மட்டுமே பூட்டும் என்பதால், பெரிய வீடியோக்கள் சிலவற்றைச் சரிசெய்ய முடிந்தது. படங்கள் போனது போனதுதான். பேக்கப் எடுத்த ஹார்டு டிஸ்க்கும் அன்றிரவு செருகியபடியே இருந்ததால் அதுவும் சேர்ந்து பூட்டிக்கொண்டது.

உங்கள் டேலி இன்னும் திறக்கிறது என்றால் இந்த வகை உங்களிடம் வரவில்லை என்று வைத்துக்கொள்ளலாம். அதனால் எதுவும் வரவில்லை என்று ஆகிவிடாது. மற்ற வகைகள் சத்தம் போடுவதில்லை.

பென்னாகரம் பையன் எழுதியது:

அண்ணா, உங்கள் அனுபவத்தை மதிக்கிறேன். ஆனாலும் ஒரு மறுப்பைப் பதிவு செய்ய விரும்புகிறேன். தருமபுரியில் கல்லூரி விடுதியில் தங்கிப் படிக்கிறேன். எங்கள் தளத்தில் லேப்டாப் வைத்திருப்பவர்களில் கிராக் கேம் போடாதவர்களைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். யாருக்கும் கோப்புகள் பூட்டிக்கொண்டதில்லை. கண்ட தளத்தில் கண்டதை இறக்குபவர்கள்தான் மாட்டிக்கொள்கிறார்கள் என்பது என் கருத்து. பெரிய விளையாட்டுகளைச் சுருக்கி வெளியிடுவதில் பல ஆண்டுகளாகப் பெயர் வாங்கிய குழுக்கள் இருக்கின்றன. அவற்றின் பதிவுகளின் கீழே வரும் கருத்துகளைப் படித்து, பல ஆன்டிவைரஸ்களைக் கொண்டு கோப்பைச் சோதிக்கும் வைரஸ்டோட்டல் தளத்தில் ஒருமுறை ஏற்றிச் சரிபார்த்துவிட்டு நிறுவினால் பிரச்சினை வருவதில்லை.

விலையையும் பார்க்க வேண்டும். புதிய கேம் ஒன்றின் விலை எங்கள் மெஸ் பில்லுக்குச் சமம். வாங்கிய பிறகு நம் லேப்டாப்பில் ஓடாவிட்டால் அந்தப் பணம் வீண். முன்பு இருந்ததைப் போல டெமோ கொடுக்கும் வழக்கமும் பல கம்பெனிகளிடம் குறைந்துவிட்டது. பணம் கட்டி வாங்கியவனுக்கு இணையம் இல்லாவிட்டால் கேம் திறக்காது, கிராக் செய்தவனுக்குத் திறக்கும் என்ற நிலைமையும் சில விளையாட்டுகளில் உண்டு. இதையெல்லாம் பேசாமல் பையனை மட்டும் குற்றம் சொல்வது நியாயமாகத் தெரியவில்லை.

ராயக்கோட்டை ரயில் எழுதியது:

தம்பி பென்னாகரம், விலை குறித்து நீங்கள் சொன்னதில் பாதியை ஒப்புக்கொள்கிறேன். பாதுகாப்பு குறித்து நீங்கள் சொன்னதை ஒப்புக்கொள்ள முடியவில்லை. ராயக்கோட்டைதான் சொந்த ஊர். பெங்களூரில் கணினிப் பாதுகாப்புத் துறையில் வேலை பார்க்கிறேன். உங்கள் வாதங்களை ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்கிறேன்.

கருத்துகளைப் படித்துவிட்டு நிறுவுவது என்பது, கூடையின் மேல்தட்டுப் பழத்தைப் பார்த்து லோடு முழுவதற்கும் விலை பேசுவதைப் போன்றது. மாந்தோப்பு ஐயாவுக்கு இது நன்றாகப் புரியும். காஸ்பர்ஸ்கி நிறுவனம் ஸ்டாரிடோப்ரி என்று பெயரிட்ட தாக்குதலை எடுத்துக்கொள்ளுங்கள். பீம்என்ஜி டிரைவ் என்ற கார் விளையாட்டு, கேரீஸ் மாட், டைசன் ஸ்பியர் புரோகிராம் போன்ற பிரபலமான விளையாட்டுகளின் சுருக்கப் பிரதிகள் 2024 செப்டம்பர் வாக்கிலேயே டோரண்ட் தளங்களில் ஏற்றப்பட்டன. கேமும் ஒழுங்காக ஓடியது. உள்ளே இருந்த நிரல் வேலையைக் காட்டத் தொடங்கியதோ டிசம்பர் 31 அன்று, உலகமே புத்தாண்டு விடுமுறையில் இருந்தபோது. இடைப்பட்ட மாதங்களில் இறக்கியவர் எவரும் "அருமை, நன்றாக ஓடுகிறது" என்று மனசாட்சியோடுதான் எழுதியிருப்பார். அந்த நிரல் கணினியின் புராசசரில் எட்டு கோர்களாவது இருக்கின்றனவா என்று முதலில் பார்க்கும். குறைவாக இருந்தால் ஒன்றும் செய்யாமல் ஒதுங்கிவிடும். உங்கள் விடுதியில் பழைய லேப்டாப் வைத்திருக்கும் நண்பருக்கு ஒன்றும் ஆகவில்லை என்பதை வைத்து, அதே பிரதியைப் புதிய லேப்டாப்பில் போடுபவர் எந்த முடிவுக்கும் வர முடியாது.

வைரஸ்டோட்டல் நல்ல சேவைதான். ஆனால் அதில் ஏற்றக்கூடிய கோப்பின் அளவு 650 எம்பியைத் தாண்ட முடியாது. விளையாட்டுகளோ 40, 60 ஜிபி. சின்ன செட்டப் கோப்பை மட்டும் ஏற்றிப் பார்ப்பார்கள். அதற்காகவே, வெறும் பூஜ்ஜியங்களைத் திணித்து அந்தக் கோப்பை 700 எம்பிக்கு மேல் வீங்க வைக்கும் தந்திரம் இருக்கிறது. கோப்பைச் சுருக்கிப் பாஸ்வேர்டு போட்டு, பாஸ்வேர்டைப் பக்கத்திலேயே எழுதி வைப்பதும் இதே நோக்கத்தில்தான்: பாஸ்வேர்டு தெரியாத ஸ்கேனரால் உள்ளே பார்க்க முடியாது. பெயர் வாங்கிய குழுக்கள் என்றீர்கள். அந்தப் பெயரிலேயே, ஓரெழுத்து மாற்றிய முகவரியில் போலித் தளங்கள் நிறைய இருக்கின்றன. கூகுளில் தேடினால் முதலில் வருவது எது என்று யாராலும் உறுதி சொல்ல முடியாது.

யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை என்பதற்கு வருகிறேன். அவாஸ்ட் நிறுவனம் 2021 ஜூனில் கிராக்கோனோஷ் என்ற நிரலைப் பற்றி அறிக்கை வெளியிட்டது. ஜிடிஏ 5, ஃபார் கிரை 5, என்பிஏ 2கே19, சிம்ஸ் 4 போன்றவற்றின் கிராக் பிரதிகளில் அது ஒளிந்திருந்தது. பிடிபட்ட கணினிகள் 2,22,000க்கும் மேல். அவற்றில் இந்தியாவில் மட்டும் 13 ஆயிரத்தைத் தாண்டியது. 2018 ஜூனிலிருந்து அவர்கள் சம்பாதித்தது 20 லட்சம் டாலருக்கு மேல். அது செய்தது என்னவென்றால், கணினியை, அடிப்படை நிரல்கள் மட்டும் இயங்கும் சேஃப் மோடில் திறக்கும்படி மாற்றும். அந்த நிலையில் ஆன்டிவைரஸ் இயங்காது என்பதால் அங்கே வைத்தே அதை நீக்கிவிடும். விண்டோஸ் அப்டேட்டையும் நிறுத்திவிடும். பிறகு, எல்லாம் பாதுகாப்பாக இருப்பதாகக் காட்டும் பச்சை டிக் போட்ட ஐகானை மணிகாட்டும் மூலையில் தானே வைத்துவிடும். அதன்பின் நம் கணினியை வைத்து மொனேரோ என்ற கிரிப்டோ நாணயத்தை உருவாக்கிக்கொண்டே இருக்கும். உரிமையாளருக்குத் தெரிவதெல்லாம் ஃபேன் இரைச்சலும் சூடும் மட்டும்தான். மைனர்கள் எனப்படும் இப்படி நாணயம் உருவாக்கும் நிரல்களில் பல, எந்த நிரல் எவ்வளவு வேலை வாங்குகிறது என்று காட்டும் டாஸ்க் மேனேஜரைத் திறந்த மறுகணமே தம் வேலையை நிறுத்திக்கொள்ளும் அளவுக்கு விவரமானவை. கூடுதலாக 150 வாட் இழுத்து, ஒரு நாளில் பத்து மணி நேரம் ஓடினால் ஒன்றரை யூனிட். இரண்டு மாதக் கணக்கில் 90 யூனிட். வீட்டு இணைப்புக்கு அரசு இலவசமாகக் கொடுக்கும் 100 யூனிட்டை ஏறக்குறைய முழுவதுமாக அதுவே தின்றுவிடும். விடுதியில் கரண்ட் பில்லை யார் பார்க்கிறார்கள்?

மாந்தோப்பு ஐயா, நீங்கள் உண்மையில் அஞ்ச வேண்டியது கோப்புகளைப் பூட்டும் நிரல், நாணயம் உருவாக்கும் நிரல் ஆகிய இரண்டையும்விட, தகவல் திருடும் நிரல்களைத்தான். ரெட்லைன், விடார், லும்மா என்று பல பெயர்களில் வருகின்றன. பிரவுசரில் சேமித்து வைத்த பாஸ்வேர்டுகள் பூட்டித்தான் வைக்கப்பட்டிருக்கின்றன. ஆனால் அந்தப் பூட்டின் சாவி உங்கள் விண்டோஸ் பயனர் கணக்கோடு கட்டப்பட்டது. அதே கணக்கில் ஓடும் நிரல் கேட்டால் விண்டோஸ் திறந்து கொடுத்துவிடும். 2024இல் குரோம் இன்னொரு அடுக்குப் பாதுகாப்பைச் சேர்த்தது. திருட்டு நிரல் எழுதுபவர்கள் சில வாரங்களிலேயே அதைத் தாண்டும் வழியைக் கண்டுவிட்டார்கள். பாஸ்வேர்டுகளோடு குக்கீகளையும் அள்ளிக்கொள்ளும். நீங்கள் ஏற்கெனவே ஜிமெயிலில் நுழைந்துவிட்டீர்கள் என்பதற்கான அடையாளச் சீட்டு அது. அதை வைத்திருப்பவரிடம் ஜிமெயில் ஓடிபி கேட்பதில்லை. மொத்த வேலையும் ஒரு நிமிடம்கூட ஆகாது. எடுத்ததை அனுப்பிவிட்டுத் தன்னையே அழித்துக்கொள்ளும் ரகங்களும் உண்டு. மறுநாள் ஸ்கேன் செய்தால் எதுவும் அகப்படாது. 2025 மார்ச் 16 முதல் மே 16 வரையிலான இரண்டு மாதங்களில் மட்டும் லும்மா புகுந்த விண்டோஸ் கணினிகள் 3,94,000க்கும் மேல் என்று மைக்ரோசாஃப்ட் அறிவித்தது.

ஆகையால் கேமை அழித்தால் போதுமா என்ற உங்கள் கேள்விக்கு, போதாது என்பதே பதில். பாஸ்வேர்டுகளை எல்லாம் உங்கள் போனிலிருந்து மாற்றுங்கள். அந்தக் கணினியில் உட்கார்ந்து மாற்றினால் புதியதும் சேர்ந்து போகும். முதலில் ஜிமெயில், ஏனென்றால் மற்ற எல்லாவற்றின் மறுமீட்பும் அதன் வழியாகவே நடக்கிறது. அடுத்து வங்கி, பிறகு வருமான வரித் தளம். மாற்றிய பின் எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறும் வசதியை அழுத்த மறக்காதீர்கள். திருடுபோன குக்கீ அப்போதுதான் செல்லாததாகும்.

நண்பர்களோடு இணையத்தில் விளையாடத்தானே உங்கள் மகன் இதை இறக்கினார்? இணையவழி விளையாட்டில் பந்தயம் நடப்பது கம்பெனியின் சர்வரில். ஒவ்வொரு கணக்கையும் சர்வர் தன் பக்கத்தில் சரிபார்க்கும். நம் கணினியில் உள்ள நிரலை எவ்வளவு திருத்தினாலும் அந்தச் சரிபார்ப்பைத் தொட முடியாது. ஆகவே கிராக் பிரதியைக் கொண்டு உண்மையான சர்வரில் நுழைய முடியாது. வழி இருப்பதாகச் சொல்பவர்கள் யாரோ நடத்தும் தனி சர்வருக்கு அழைத்துப் போவார்கள். அங்கே புதிதாகக் கணக்குத் தொடங்கும்போது கொடுக்கும் மின்னஞ்சலும் பாஸ்வேர்டும் அந்த சர்வரை நடத்துபவரின் கையில் இருக்கும். நம் பிள்ளைகளில் பெரும்பாலோர் எல்லா இடத்திலும் ஒரே பாஸ்வேர்டைத்தான் வைக்கிறார்கள்.

விலைக்கு வருகிறேன், தம்பி. டோட்டா 2, கவுண்டர் ஸ்டிரைக் 2, வேலரண்ட், ராக்கெட் லீக் எல்லாம் இலவசம். எபிக் என்ற இணையவழி கேம் கடையில் 2018 டிசம்பரிலிருந்து விளையாட்டுகளை இலவசமாகக் கொடுத்து வருகிறார்கள். எடுத்துக்கொண்டால் அது நம் கணக்கிலேயே நிலைத்திருக்கும். ஸ்டீம் என்ற இன்னொரு கடையில் வாங்கி 14 நாட்களுக்குள், இரண்டு மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால் பணத்தைத் திருப்பிக் கேட்கலாம். லேப்டாப்பில் ஓடாவிட்டால் என்ன செய்வது என்ற கவலைக்கு அதுவே டெமோ. புதிய பெரிய விளையாட்டுகளின் விலை இங்குள்ள மாணவர்களுக்கு அதிகம் என்பதையும், பணம் கொடுத்தவனைத்தான் கம்பெனிகள் அதிகம் சோதிக்கின்றன என்பதையும் நான் மறுக்கவில்லை. சலுகை விலைக்காக ஓராண்டு பொறுக்கத்தான் வேண்டியிருக்கிறது.

கோர்ட்டு ரோடு (கிருஷ்ணகிரி) எழுதியது:

சட்டம் குறித்த கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன். வழக்குரைஞராகப் பணிபுரிகிறேன், இருப்பினும் இது பொதுவான விளக்கமே.

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் கணினி நிரலும் அடங்கும். விளையாட்டும் ஒரு கணினி நிரல்தான். திருட்டுப் பிரதி என்று தெரிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்துவது 63பி பிரிவின்படி குற்றம். ஏழு நாள் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், 50 ஆயிரம் முதல் இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். லாபத்துக்காகவோ தொழில், வியாபாரத்தின் போக்கிலோ பயன்படுத்தவில்லை என்றால், தகுந்த காரணங்களைப் பதிவு செய்து, நீதிமன்றம் சிறைத்தண்டனையைத் தவிர்த்து 50 ஆயிரம் வரை அபராதத்தோடு விடலாம் என்று அதே பிரிவு விலக்கு அளிக்கிறது. பையன் பொழுதுபோக்குக்காக விளையாடியது இந்த விலக்குக்குள் வரும் என்று வாதிட நல்ல இடமுண்டு. கணினி மண்டிக்குப் பயன்படுகிறது என்பதால் மட்டும் விளையாட்டு வியாபாரத்துக்கானது ஆகிவிடாது. ஆனால் டேலியோ விண்டோஸோ கிராக் பிரதியாக இருந்தால் இந்த வாதம் எடுபடாது. அது நேரடியாகத் தொழிலுக்கான பயன்பாடு. இந்த மாவட்டத்தில் எத்தனை கடைகளில் அப்படி ஓடுகிறது என்பதைப் பற்றி நான் எதுவும் சொல்வதற்கில்லை.

டோரண்டில் இன்னொரு நுணுக்கம் இருக்கிறது. இறக்கிக்கொண்டிருக்கும்போதே, இறங்கிய துண்டுகளை உங்கள் கணினி மற்றவர்களுக்கு ஏற்றி அனுப்பிக்கொண்டும் இருக்கும். அப்போது பயன்பாடு என்பதைத் தாண்டிப் பரப்புதல் என்ற குற்றச்சாட்டுக்கு, அதாவது 63ஆம் பிரிவுக்கு இடம் உண்டாகிறது. அந்தப் பிரிவின் கீழான குற்றம் வாரண்ட் இன்றிக் கைது செய்யக்கூடியதும், ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாததும் ஆகும் என்று 2022 மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. வீட்டில் விளையாடிய மாணவர்களைத் தேடிக் காவல்துறை வருவது வழக்கமில்லை. விற்பவர்கள் மீதும் பெருமளவில் பரப்புபவர்கள் மீதும்தான் நடவடிக்கை இருக்கும். இருந்தாலும் டோரண்ட் மென்பொருளை உடனே மூடி நீக்கிவிடுவது நல்லது.

வங்கிக் கணக்கிலிருந்து பணம் போனால் என்ன என்பதுதான் உங்களுக்கு அவசரமான சட்டக் கேள்வி என்று கருதுகிறேன். வாடிக்கையாளரின் அனுமதியில்லாமல் நடந்த மின்னணுப் பரிமாற்றம் குறித்து ரிசர்வ் வங்கி 2017 ஜூலையில் ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. அதன்படி, வங்கியின் தவறோ வாடிக்கையாளரின் தவறோ இல்லாமல் மூன்றாம் தரப்பால் நடந்திருந்து, வங்கியிடமிருந்து தகவல் வந்த மூன்று வேலை நாட்களுக்குள் தெரிவித்தால் வாடிக்கையாளருக்கு இழப்பு இல்லை. வாடிக்கையாளரின் கவனக்குறைவு காரணம் என்றால், வங்கியிடம் தெரிவிக்கும் வரை ஏற்படும் இழப்பு அவருடையதே. ஆன்டிவைரஸை நிறுத்திவிட்டுத் திருட்டு மென்பொருளை நிறுவிய கணினி என்று தெரியவந்தால் வங்கி எந்தப் பக்கம் வாதிடும் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. ஆகவே சந்தேகத்துக்குரிய ஒரு பரிமாற்றம் கண்ணில் பட்டாலும் உடனே வங்கிக்குத் தெரிவித்துவிட்டு 1930 என்ற எண்ணை அழையுங்கள். பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்குத் தாவுவதற்குள் முடக்க வாய்ப்புள்ள வழி அது. தேசிய சைபர் குற்றப் புகார் தளத்திலும் எழுத்து மூலம் பதிவு செய்யுங்கள்.

மாந்தோப்பு (காவேரிப்பட்டணம்) எழுதியது:

எல்லோருக்கும் மிக்க நன்றி. நீங்கள் சொன்னபடி இணைய வயரைப் பிடுங்கிவிட்டேன். வங்கிக் கணக்கின் விவரத்தை என் போனில் பார்த்தேன். இதுவரை எதுவும் குறையவில்லை. ஜிமெயில், வங்கி, வருமான வரித் தளம் ஆகிய மூன்றின் பாஸ்வேர்டுகளையும் போனிலேயே மாற்றியாயிற்று.

மகனோடு உட்கார்ந்து கணினியைப் பார்த்தோம். விண்டோஸ் செக்யூரிட்டியில், ஸ்கேன் செய்ய வேண்டாம் என்று விலக்கி வைக்கும் பட்டியல் ஒன்று இருக்கிறதாம். அதில் சி டிரைவ் முழுவதும் சேர்க்கப்பட்டிருந்தது. கேம் இருக்கும் ஃபோல்டரைச் சேர்த்தது தான்தான் என்றும், சி டிரைவைச் சேர்க்கவே இல்லை என்றும் மகன் உறுதியாகச் சொல்கிறான். அவனை நம்புகிறேன்.

ராயக்கோட்டை நண்பர் சொன்னது அப்படியே நடந்திருக்கிறது. நண்பர்களோடு ஒரு பந்தயம்கூட ஓட்ட முடியவில்லையாம். வேறு ஒரு தளத்தில் கணக்குத் தொடங்கினால் ஓட்டலாம் என்று காட்டியதால் அதிலும் பதிவு செய்திருக்கிறான். கொடுத்தது அவனுடைய ஜிமெயில் பாஸ்வேர்டையே. கலந்தாய்வுக்கான தகவல்கள் அந்த மின்னஞ்சலுக்குத்தான் வரும் என்பதால், சொல்லி முடிப்பதற்குள் அவனே பதறிப்போய் மாற்றிவிட்டான்.

இனி ஃபார்மட் செய்வது என்று முடிவு செய்துவிட்டேன். டேலி டேட்டாவை எப்படிப் பத்திரமாக வெளியே எடுப்பது, விண்டோஸை மறுபடியும் காசு கொடுத்து வாங்க வேண்டுமா என்பதை மட்டும் சொல்லுங்கள். டேலியும் விண்டோஸும் பில்லோடு வாங்கியவைதான்.

ஓசூர் சர்வீஸ் எழுதியது:

ஐயா, நீங்கள் சேர்க்காத சி டிரைவ் விலக்குப் பட்டியலில் இருக்கிறது என்றால், உள்ளே வந்த ஒன்று தன்னைத் தேடக்கூடாது என்று எழுதிவைத்துவிட்டது என்று பொருள். எதையாவது ஸ்கேன் செய்து மீட்டுவிடலாம் என்ற யோசனையை விட்டுவிடுங்கள், ஃபார்மட்தான் சரி. அரை நாள் வேலை, ஒரு ஞாயிற்றுக்கிழமையில் முடித்துவிடலாம்.

புதிய பென்டிரைவ் ஒன்றை வாங்கி, டேலியின் பேக்கப் வசதியைக் கொண்டே கணக்கை அதில் எடுங்கள். அதோடு படங்கள், பிடிஎஃப், எக்செல் கோப்புகளை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். செட்டப் கோப்புகள், சுருக்கப்பட்ட கோப்புகள், கேமின் சேவ் ஃபோல்டர் எதுவும் வேண்டாம். விண்டோஸ் நிறுவுவதற்கான பென்டிரைவைத் தெரிந்தவர் வீட்டுக் கணினியில், மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து நேரடியாக இறக்கித் தயார் செய்யுங்கள். நிறுவும்போது சி டிரைவ் மட்டுமல்லாமல் டி டிரைவையும் சேர்த்து அழியுங்கள். பலர் டி டிரைவைத் தப்பவிட்டு, அங்கே கிடக்கும் பழைய செட்டப்பை மகனோ மருமகனோ மறுபடி அழுத்தியதும் திரும்ப வருவார்கள். விண்டோஸின் லைசென்ஸ் உங்கள் மதர்போர்டோடு பதிவாகியிருக்கும் என்பதால் அதே பதிப்பை நிறுவி இணையத்தில் இணைத்ததும் தானாகவே ஆக்டிவேட் ஆகிவிடும். காசு கொடுக்க வேண்டியதில்லை. எடுத்து வைத்த பென்டிரைவைப் புதிய விண்டோஸில் அப்டேட்டுகள் எல்லாம் போட்டு முடித்து, ஸ்கேன் செய்த பிறகே திறக்க வேண்டும்.

பிறகு இரண்டு பயனர் கணக்குகள் வையுங்கள். நிர்வாகி கணக்கின் பாஸ்வேர்டு உங்களிடம் மட்டும் இருக்கட்டும். மகனுக்குச் சாதாரணக் கணக்கு. அவன் எதை நிறுவினாலும் உங்கள் பாஸ்வேர்டைக் கேட்கும். தகவல் திருடும் நிரல் அவனுடைய கணக்குக்குள் வந்தாலும், உங்கள் கணக்கின் பிரவுசரில் இருப்பதை அங்கிருந்து திறக்க முடியாது. இதுகூட முழுப் பாதுகாப்பு என்று சொல்லமாட்டேன். சீசன் முடிந்து கையில் பணம் இருந்தால் கல்லூரிக்கு எப்படியும் ஒரு லேப்டாப் வாங்கத்தான் போகிறீர்கள். விளையாட்டு அதில் இருக்கட்டும், மண்டிக் கணக்கு இருக்கும் கணினியில் வேண்டாம்.

ஃபார்மட்டுக்கு முன் ஒரு வேலை பாக்கி இருக்கிறது. டேலி லைசென்ஸை அந்தக் கணினியிலிருந்து சரண்டர் செய்துவிட வேண்டும், இல்லாவிட்டால் புதிய விண்டோஸில் ஆக்டிவேட் செய்யும்போது தகராறு செய்யலாம். அதற்குச் சில நிமிடம் இணையம் தேவைப்படும். முடிந்ததும் வயரை மறுபடி பிடுங்கிவிட்டு, சரண்டர் செய்யும்போது கொடுத்த டேலி கணக்கின் பாஸ்வேர்டையும் போனில் மாற்றிவிடுங்கள்.